பதினோரு பிள்ளைகள் என்றால் பதினோரு பேர்

நம் ஊர்த் தொடக்கப் பள்ளியை மூடச் சொல்லி ஒருவர் பேசும் அந்த வீடியோவை இதுவரை எனக்கு ஒன்பது பேர் அனுப்பிவிட்டீர்கள். போதும், இனி அனுப்ப வேண்டாம். "பதினோரு பிள்ளைக்கு ரெண்டு வாத்தியார், ஒரு சத்துணவுக்கூடம், ரெண்டு கட்டடம், யார் வீட்டுக் காசு?" என்று சுவரைத் தட்டித் தட்டிக் கேட்கிறாரே, அந்தப் பள்ளிக்கூடத்தில்தான் நான் படித்தேன். அதற்குச் சிரிப்புப் பொம்மை போட்டவர்களில் மூன்று பேர் என்னோடு அதே தரையில் உட்கார்ந்து படித்தவர்கள். அதுதான் ராத்திரி தூங்கவிடவில்லை.

பதினோரு பிள்ளைகள் என்றால் பதினோரு பேர். நான் சொல்ல வந்தது இவ்வளவுதான்.

தலையை எண்ணியவர், மற்ற பிள்ளைகள் எங்கே என்று ஊருக்குள் ஒருவரையாவது கேட்டாரா? முதலில், பிள்ளைகளே குறைந்துவிட்டார்கள். தமிழ்நாட்டில் ஒரு பெண்ணுக்குச் சராசரியாக 1.8 குழந்தை என்கிறது 2019-21 தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பு. அப்புறம் எல்கேஜி. நம் பள்ளியில் ஒன்றாம் வகுப்புக்குத்தான் சேர்க்கை. தனியார் வேன் மூன்று வயதிலேயே வாசலுக்கு வந்து ஏற்றிக்கொண்டு போகிறது. 2019இல் தமிழகம் முழுக்க 2,381 அங்கன்வாடிகளில் எல்கேஜி தொடங்கினார்கள். நம் ஊருக்கு வரவில்லை. மூன்று வயதில் வேனில் ஏறிய பிள்ளை ஐந்து வயதில் இறங்கி வராது. இதில் அந்தப் பள்ளி செய்த குற்றம் என்ன?

மிச்சம் இருக்கும் பதினோரு பேர் யார் என்பது உங்களுக்கே தெரியும். வேன் காசு கட்ட முடியாத வீட்டுப் பிள்ளைகள். அப்பா அம்மா திருப்பூரில் வேலை பார்க்க, பாட்டியிடம் வளர்கிற பிள்ளைகள். பாதிப் பேர் பெண் பிள்ளைகள். பள்ளியை மூடினால் முதலில் படிப்பு நிற்கப்போவது இவர்களுக்குத்தான்.

அந்தக் கட்டடம் யாரோ போட்ட பிச்சை இல்லை. ஜில்லா போர்டு காலத்தில் ஒரு கொட்டகையாக ஆரம்பித்தது. 1958 பஞ்சாயத்துச் சட்டத்துக்குப் பிறகு ஒன்றியப் பள்ளி ஆனது. இடம் ஒரு வீட்டார் கொடுத்தது, மேற்கூரைக்குப் பனங்கை இன்னொருவர் கொடுத்தது. மணிக்குப் பதிலாகத் தொங்கும் தண்டவாளத் துண்டைச் சாத்தூரிலிருந்து வண்டியில் ஏற்றி வந்தார்கள் என்று தாத்தா சொல்லியிருக்கிறார். காமராசர் 1956இல் மதிய உணவைக் கொண்டுவந்தபோது, அரசு கொடுத்தது போக மீதிச் செலவை ஊர்களும்தான் சுமந்தன. நெ.து. சுந்தரவடிவேலு கல்வி இயக்குநராக இருந்தபோது நடந்த பள்ளிச் சீரமைப்பு மாநாடுகளில் பெஞ்சு, கடிகாரம், சட்டைத்துணி என்று ஊர் ஊராக மேடையேறிக் கொடுத்தார்கள். யார் வீட்டுக் காசு என்று கேட்டாரே, நம் தாத்தாக்கள் வீட்டுக் காசு!

என் பிறந்த நாளே அந்தப் பள்ளி கொடுத்ததுதான். 1981இல் அப்பா என்னைக் கூட்டிக்கொண்டு போனார். வலது கையைத் தலைக்கு மேல் வளைத்து இடது காதைத் தொடச் சொன்னார் பெரிய வாத்தியார். தொட்டேன். என்ன தேதி என்றார். அப்பாவுக்குத் தெரியவில்லை, "பருத்தி எடுக்கும்போது பிறந்தான்" என்றார். வாத்தியாரே ஒரு தேதி எழுதினார். இன்றைக்கு என் ஆதாரிலும் பாஸ்போர்ட்டிலும் இருப்பது அதுதான். மறு வருஷம் ஜூலையில் எம்.ஜி.ஆர். சத்துணவு வந்தது. அந்தச் சோற்றுக்காக வந்து அப்படியே படித்தவர்கள் எங்கள் வகுப்பில் எத்தனை பேர் என்று உங்களுக்கு நினைவிருக்கும், மறக்க முடியாது.

சரி, கேட்பீர்கள், தெரியும். "உன் பிள்ளை எங்கே படிக்கிறது?" மதுரையில் தனியார் பள்ளியில். எனக்கு வேலை அங்கே, வீட்டுக்குப் பக்கத்தில் இருந்தது அது, சேர்த்தேன். அது சரியா தவறா என்று வேண்டுமானால் தனியாகப் பேசுவோம். என் மகள் எங்கே படிக்கிறாள் என்பதற்காக அந்தப் பதினோரு பேரைத் தண்டிக்க முடியாது.

வாத்தியார்கள் சரியில்லை என்று ஒருவர் எழுதியிருக்கிறார். ஐந்து வகுப்புக்கு இரண்டு பேர். ஒருவர் பயிற்சிக்கும் கூட்டத்துக்கும் போனால் மற்றவர் ஒன்று முதல் ஐந்து வரை ஒரே அறையில் வைத்துப் பார்க்க வேண்டும். அப்படி எழுதியவர் போய் ஒரு நாள் பார்க்கட்டும்.

"பக்கத்து ஊர்ப் பள்ளியோடு சேர்த்துவிடலாமே, இரண்டரை கிலோமீட்டர்தானே" என்கிறீர்கள். படித்தவர்களே இதைச் சொல்கிறீர்கள். தொடக்கப் பள்ளி ஒரு கிலோமீட்டருக்குள் இருக்க வேண்டும் என்பது கல்வி உரிமைச் சட்ட விதி. அதை விடுங்கள். நான்குவழிச் சாலையை ஆறு வயதுப் பிள்ளை தனியாகக் கடக்குமா? பாட்டி தினமும் கொண்டுபோய் விட்டுவிட்டுக் காட்டு வேலைக்குப் போவாளா?

தூரம் என்ன செய்யும் என்று எனக்குத் தெரியும். என் அக்கா என்னைவிட மூன்று வயது மூத்தவள். வாய்ப்பாட்டில் அவளை மடக்க ஆள் கிடையாது. நம் பள்ளியில் ஐந்தோடு முடிந்தது. ஆறாம் வகுப்புக்கு நான்கு கிலோமீட்டர் நடக்க வேண்டும். ஆம்பளப் பையன் என்று என்னை அனுப்பினார்கள். அவளை அனுப்பவில்லை. விடியக்காலம் நான்கு மணிக்குத் தீப்பெட்டி ஆபீஸ் பஸ் வரும், தூக்குச்சட்டியோடு அதில் ஏறினாள். பத்து வயது. நான் படுத்துக்கொண்டே அந்த ஆரன் சத்தத்தைக் கேட்டிருக்கிறேன். அவள் கொண்டுவந்த கூலியில்தான் எனக்கு நோட்டு வாங்கினார்கள். இரண்டு கிலோமீட்டர்தானே, மூன்று கிலோமீட்டர்தானே என்று என்னிடம் தயவுசெய்து சொல்லாதீர்கள்.

அக்காவும் அந்த வீடியோவைப் பார்த்துவிட்டாள். அவள் மகன்தான் காட்டியிருக்கிறான். நேற்று போனில் கேட்டாள்: "ஏம்ப்பா, நான் அஞ்சாப்பு வரைக்கும் படிச்சதே அங்கதான. அதையும் பூட்டணுமாம்ல?"

எனக்குப் பதில் சொல்ல வரவில்லை.

வெள்ளிக்கிழமை மூன்று மணிக்குப் பள்ளி மேலாண்மைக் குழுக் கூட்டம். லீவு போட்டுவிட்டேன், வருகிறேன். எல்கேஜி கேட்டு மனு எழுதியிருக்கிறேன், உள்ளூரில் இருப்பவர்கள் வந்து கையெழுத்துப் போடுங்கள். சிரிப்புப் பொம்மை போட்ட மூன்று பேரும் வாருங்கள். அக்காவும் வருகிறாள். பழைய சேர்க்கைப் பதிவேட்டை எடுத்து வைக்கச் சொல்லித் தலைமையாசிரியரிடம் கேட்டிருக்கிறேன். தன் பெயர் எந்தப் பக்கத்தில் இருக்கிறது என்று அவளுக்கு ஒருமுறை பார்க்க வேண்டுமாம்.