நடிப்பு அவருக்குப் பக்கத் தொழில் அல்ல

ஜப்பானியத் திரைப்பட இயக்குநர் ஷின்யா சுகமோட்டோவைப் பற்றி நான் படித்த ஒரு கட்டுரை, அவரை 'அவ்வப்போது நடிக்கவும் செய்யும் இயக்குநர்' என்று ஒரே வரியில் கடந்துவிட்டது. ஏற்க மனம் வரவில்லை. 1989இல் வந்த 'டெட்சுவோ' படத்தில் எழுத்து, இயக்கம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு என எல்லாவற்றையும் இழுத்துப் போட்டுக்கொண்டு செய்தவர், உடம்பில் இரும்பைச் செருகிக்கொள்ளும் அந்தப் பித்தன் வேடத்தையும் தானே ஏற்றார். கையில் காசில்லாத தயாரிப்பாளருக்கு, சம்பளம் கேட்காத நடிகர் வேறு யார் கிடைப்பார்?

2014இன் 'நோபி'யும் அப்படித்தான். பிலிப்பைன்ஸ் காட்டில் பட்டினியோடு அலையும் ஜப்பானியச் சிப்பாயின் கதைக்குப் பணம் போட ஆள் கிடைக்கவில்லை. சொந்த முயற்சியில் தயாரித்து, நாயகனாகவும் நடித்து, வெனிஸ் விழாவின் போட்டிப் பிரிவுவரை கொண்டுபோய்விட்டார். காசநோயாளி என்று படைப்பிரிவு அந்தச் சிப்பாயை மருத்துவமனைக்கு விரட்டுகிறது. மருத்துவமனையோ திருப்பி அனுப்புகிறது. அந்தத் தொடக்கக் காட்சிகளில் அவர் முகத்தைப் பாருங்கள். கோபப்படக்கூடத் தெம்பில்லாத முகம்.

மார்ட்டின் ஸ்கோர்செஸியின் 'சைலன்ஸ்' படத்தில், அலை வந்து அறைய அறையக் கடலோரச் சிலுவையில் தொங்கும் கிராமத்துக் கிறிஸ்தவர் மோகிச்சியும் இவர்தான். சுகமோட்டோ படங்களின் ரத்தக்களரிக் காட்சிகளுக்கு இரண்டு பத்தி ஒதுக்கிய கட்டுரையாளர், இதற்கு அரை வரியாவது கொடுத்திருக்கலாம்.