பதிவாகாத கூட்டு நிறுவனமும் ரத்தான அரசு ஒப்பந்தமும்

அரசுத் துறையோ வாரியமோ ஒப்பந்தத்தை ரத்து செய்தால், அதை எதிர்த்து நீதிமன்றம் போகும் கூட்டாண்மை நிறுவனங்கள் பெரும்பாலும் ரத்து நியாயமா என்ற கேள்விக்கு மட்டுமே ஆயத்தமாகின்றன. அரசுத் தரப்பு எதிர்மனுவின் முதல் ஆட்சேபமோ வேறாக இருக்கிறது. நிறுவனம் பதிவாளரிடம் பதிவானதா, வழக்குப் போட்ட பங்குதாரர்கள் அனைவரின் பெயரும் பதிவேட்டில் இருக்கிறதா என்பதே அது. தன்னிடம் வேலை வாங்கிய நிறுவனத்துக்கு எதிராக அரசு இந்த ஆட்சேபத்தை எழுப்புவது முறையல்ல என்பது என் கருத்து.

1932-ஆம் ஆண்டின் கூட்டாண்மைச் சட்டம் பதிவைக் கட்டாயமாக்கவில்லை. ஆனால் பதிவாகாத நிறுவனமோ, வழக்குப் போடும் பங்குதாரர்களின் பெயர் பதிவேட்டில் இல்லாத நிறுவனமோ, ஒப்பந்தத்திலிருந்து எழும் உரிமைக்காக மூன்றாம் தரப்பினர்மீது வழக்குத் தொடர முடியாது என்று 69-ஆவது பிரிவு சொல்கிறது. வழக்குப் போட்ட பிறகு ஓடிப்போய்ப் பதிவு செய்தாலும் பயனில்லை. தில்லி வளர்ச்சி ஆணையத்துக்கு எதிராக ஒரு கட்டுமான நிறுவனம் தொடுத்த வழக்கில், பின்னால் செய்த பதிவு தொடக்கக் குறையைச் சரிசெய்யாது என்று 1998-இல் உச்ச நீதிமன்றம் முடிவு செய்தது. காலவரம்பு தாண்டாமல் இருந்தால் புதிதாக வழக்குப் போட்டுக்கொள்ளலாம், அவ்வளவுதான்.

நான் கணக்கு பார்க்கும் ஒரு குடும்ப நிறுவனத்தில் மூத்த பங்குதாரர் இறந்ததும் அவர் மகன் சேர்க்கப்பட்டார். முத்திரைத்தாளில் புதிய பங்குதாரர் ஒப்பந்தம் எழுதினார்கள், வங்கி ஏற்றுக்கொண்டது, ஜிஎஸ்டி பதிவில் பெயர் மாறியது, வேலை கொடுத்த அரசுத் துறையும் அவர் கையெழுத்திட்ட பில்களுக்குப் பணம் கொடுத்தது. மாவட்டப் பதிவாளர் அலுவலகத்துக்கு மட்டும் யாரும் மாற்ற அறிவிப்பு அனுப்பவில்லை. சிறுபாலம் ஒன்றின் வேலையைப் பாதியில் ரத்து செய்து வைப்புத்தொகையைத் துறை பறிமுதல் செய்தபோது, அரசுமீது வழக்குப் போடுமுன் தர வேண்டிய நோட்டீஸை உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80-ஆவது பிரிவின்படி கொடுத்து இரண்டு மாதம் காத்திருந்துதான் வழக்குப் போட்டார்கள். வேலை எவ்வளவு முடிந்தது என்று அளவுப் புத்தகத்தைப் பிரித்துப் பார்ப்பதற்கு முன்பே, மகன் பெயர் பதிவேட்டில் இல்லை என்ற வாதம் வந்து நின்றது. பில்லுக்குப் பணம் கொடுத்த நாட்களில் அதே துறைக்கு இந்தச் சந்தேகம் வரவில்லை.

இந்தத் தடை எல்லா வழிகளையும் அடைப்பதில்லை என்பதும் உண்மை. ஒப்பந்தத்திலிருந்து எழாமல் சட்டமே நேரடியாகத் தரும் உரிமைகளுக்கு 69-ஆவது பிரிவு குறுக்கே வராது என்று 2000-இலும், நடுவர் மன்ற விசாரணைக்கு அது தடையல்ல என்று 2016-இலும் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. கருப்புப் பட்டியலில் சேர்க்குமுன் விளக்கம் கேட்க வேண்டும் என்பது 1974-லிருந்தே நிலைத்த நெறி; 2014-இல் நோட்டீஸிலேயே அந்த நோக்கம் புலப்பட வேண்டும் என்றும் ஆனது. கொல்கத்தா பெருநகர வளர்ச்சி ஆணையம் சுரங்கப்பாதைப் பராமரிப்புக்கான ஒப்பந்தப்புள்ளியைக் காரணமின்றி ரத்து செய்ததை 2024-இல் உச்ச நீதிமன்றம் செல்லாததாக்கியதும் ரிட் வழியில்தான், அதாவது அரசின் செயலை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் நேரடியாகப் போடும் மனு வழியில்தான். ஆனால் செய்த வேலைக்கான பில், பறிபோன வைப்புத்தொகை, நஷ்டஈடு ஆகியவற்றைக் கேட்டு ரிட் போட்டால், சாட்சியம் தேவைப்படும் விவகாரம், சிவில் நீதிமன்றம் போங்கள் என்ற பதிலே அதிகம் கிடைக்கிறது. ஆக, சிறு ஒப்பந்ததாரருக்கு மிகவும் தேவையான கதவில்தான் பூட்டு தொங்குகிறது.

அந்தக் கதவுக்கு அப்பால் இருக்கும் உரிமைகள் சாதாரணமானவை அல்ல. ஒப்பந்தம் மீறப்பட்டதா என்பதே தகராறில் இருக்கும்போது, அரசு தானே நீதிபதியாகி நஷ்டத்தை நிர்ணயிக்க முடியாது என்று தீர்த்தஹள்ளி அரிசி ஆலை வழக்கில் 1987-இல் தீர்ப்பானது. தில்லி வளர்ச்சி ஆணையம் ஒரு மனை ஏலத்தில் பறிமுதல் செய்த 78 லட்சம் ரூபாயைத் திருப்பித் தரும்படி 2015-இல் உத்தரவானது. அதே மனையை மறு ஏலத்தில் பன்மடங்கு விலைக்கு விற்ற ஆணையத்துக்கு நஷ்டமே இல்லை என்பது அங்கே முக்கியக் காரணம்.

பதிவுக்கு ஆகும் செலவு சொற்பம்தானே, அலட்சியத்துக்கு யார் பொறுப்பு என்று கேட்பார்கள். நிறுவனங்களின் அலட்சியம் உண்மைதான், அதற்கு வக்காலத்து வாங்க நான் வரவில்லை. ஆனால் ஒப்பந்தப்புள்ளியோடு பான், ஜிஎஸ்டி, கடன் தீர்க்கும் வசதியைக் காட்டும் சால்வன்சி சான்று என்று கட்டுக்கட்டாகக் காகிதம் கேட்கும் துறை, நிறுவனப் பதிவேட்டின் நகலையும் அப்போதே கேட்கலாம். பங்குதாரர் மாறும்போது புதிய நகல் வந்த பிறகே அடுத்த பில்லை அனுமதிக்கலாம். இதற்கு ஒரு சுற்றறிக்கை போதும். ஆனால் 69-ஆவது பிரிவு சட்டத்தடை என்பதால், அரசு இந்த ஆட்சேபத்தை எழுப்பாமல் வாய்மூடி இருந்தால் மட்டும் அது நீங்கிவிடாது. அரசு ஒப்பந்தங்களுக்கு விலக்கு அளிக்கும் திருத்தம் 69-ஆவது பிரிவிலேயே வர வேண்டும். கூட்டாண்மை பொதுப்பட்டியலில் இருப்பதால், குடியரசுத் தலைவரின் ஒப்புதலுடன் மாநிலச் சட்டமன்றமே அதைக் கொண்டுவர முடியும்.