கரடியின் பெயரே கரடி

2016 ஏப்ரலில் நாக்பூர் தியேட்டர் ஒன்றில் ‘தி ஜங்கிள் புக்’ படத்தை இந்தியில் பார்த்தேன். அப்போது அந்த ஊரில் எனக்கு ஐந்து வருட வாசம். இந்தி காதுக்குப் பழகியிருந்தது, நாக்குக்கு இன்னும் முழுசாகப் பழகவில்லை. திரையில் புலி ஷேர் கான் முதல் வார்த்தை பேசியதும் முன்வரிசையில் கைதட்டல். தட்டியவர்கள் குழந்தைகள் இல்லை, முப்பது வயதுக்காரர்கள். என்ன விஷயம் என்று பக்கத்தில் இருந்த நண்பரிடம் கேட்டேன். “நானா படேகர் குரல் அது. நாங்க சின்னப் பசங்களா இருந்தப்ப தூர்தர்ஷன்ல வந்த மோக்லி கார்ட்டூன்லயும் ஷேர் கானுக்கு அவர்தான் பேசினார்” என்றார். தொண்ணூறுகளில் வந்த ஜப்பானியத் தொடர் அது. இந்தியில் அதற்குத் தலைப்புப் பாடல் எழுதியவர் குல்சார், இசை விஷால் பரத்வாஜ். அந்த வயது வட இந்தியர்களிடம் கேட்டுப் பாருங்கள், இன்றைக்கும் பாடிக்காட்டுவார்கள்.

ஆங்கிலப் படத்தில் இல்லாத ஒரு நினைவு அந்த இந்திப் படத்தில் இருந்தது. அதைக் கொண்டுவந்து சேர்த்தது டப்பிங். “டப்பிங் படமா, அதெல்லாம் பார்க்க முடியாதுப்பா” என்று யாராவது சொன்னால் எனக்கு அந்தக் கைதட்டல்தான் ஞாபகம் வரும்.

இன்னொன்று வீட்டுக்கு வந்த பிறகுதான் உறைத்தது. படத்தில் வரும் கரடியின் பெயர் பாலு. இந்தியில் ‘பாலூ’ என்றாலே கரடிதான். ‘ஹாத்தி’ என்றால் யானை. ‘அகேலா’ என்றால் தனியாக இருப்பவன். ‘ரக்ஷா’ என்றால் காவல். இந்தக் கதையை எழுதிய, பம்பாயில் பிறந்த கிப்ளிங் இங்கே காதில் விழுந்த சொற்களை எடுத்து விலங்குகளுக்குப் பெயராக வைத்தார். லண்டன் குழந்தைக்கு அவை விநோதமான காட்டுப் பெயர்கள். நாக்பூர் குழந்தைக்கோ கரடியின் பெயரே கரடி! கதை நடக்கும் சிவனி மலைப்பகுதி நாக்பூருக்கு வடக்கே, 44ஆம் எண் நெடுஞ்சாலையில் இருக்கிறது. அதே சாலையில் தெற்கே வந்துகொண்டே இருந்தால் என் ஊர் கோவில்பட்டி வந்துவிடும். இந்த மண்ணிலிருந்து இங்கிலாந்து போய், அங்கிருந்து ஹாலிவுட் போய், திரும்பி வந்திருக்கிற கதை இது. இதை ‘வெளிநாட்டுப் படம்’ என்று எப்படிச் சொல்வது? இந்தி வசனம் எழுதிய மயூர் புரிக்கு இது சுலபமான வேலையாக இருந்திருக்காது. தெரியாத ஊரைப் பற்றிய கதையென்றால் கொஞ்சம் அப்படி இப்படி இருந்தாலும் போய்விடும். சொந்தக் காட்டின் கதையில் ஒரு சொல் பிசகினாலும் காது கண்டுபிடித்துவிடும்.

அந்தப் படத்தில் கரடிக்கு இர்ஃபான் கான் பேசினார், பஞ்சாபி வாடை வீசும் இந்தியில். தின்பதிலும் தூங்குவதிலும் பிரியமுள்ள, கொஞ்சம் டகால்டி வேலை பார்க்கிற, ஆனால் மனசு பெரிய கரடி. ஆங்கிலத்தில் கரடிக்குப் பேசிய நடிகரின் இழுவைப் பேச்சு செய்த வேலையை இந்தியில் பஞ்சாபி செய்தது. ஆங்கில வசனத்தில் பஞ்சாப் எங்கே இருக்கிறது? எங்கேயும் இல்லை. ஆனாலும் அது அந்தக் கரடிக்குப் பொருந்தியது.

மொழிபெயர்ப்பு என்றதும் பழமொழி, சாப்பாடு, ஜோக் இவற்றைத்தான் பலரும் பெரிய சிக்கல் என்று நினைக்கிறார்கள். அவை சிக்கல்தான், ஆனால் கண்ணுக்குத் தெரிகிற சிக்கல். அதைவிடக் கஷ்டமானது ‘யூ’ என்ற ஒரு சின்னச் சொல். ஆங்கிலத்தில் அரசனுக்கும் ஆண்டிக்கும் ஒரே ‘யூ’. இந்தியில் ஆப், தும், தூ என்று மூன்று. ‘ஆப்’ மரியாதை. ‘தும்’ சமமானவர்களுக்கு, பழகியவர்களுக்கு. ‘தூ’ இருக்கிறதே, அது அம்மாவிடமும் கடவுளிடமும் சொல்கிற சொல், சண்டையில் சட்டையைப் பிடிக்கும்போதும் சொல்கிற சொல். ஓநாய்களிடம் வளரும் சிறுவன் மோக்லி, தன்னைக் கண்டெடுத்த கருஞ்சிறுத்தை பகீராவிடம் எதைச் சொல்வான்? நேற்றுப் பழகிய பாலுவிடம் எதைச் சொல்வான்? எதிரியிடம்? ஆங்கில வசனத்தைத் தலைகீழாகப் புரட்டினாலும் பதில் கிடைக்காது. இந்தியில் எழுதுபவர் அந்த உறவைத் தானே தீர்மானித்தாக வேண்டும். படம் முழுக்க, ஒவ்வொரு ஜோடிக்கும். அப்புறம் எந்தக் காட்சியில் ‘ஆப்’ உடைந்து ‘தும்’ ஆகிறது என்பதையும்.

நமக்கு நீ, நீங்கள் இருப்பதால் இது உடனே புரியும். இந்தியில் இன்னொரு தொல்லையும் உண்டு, அது தமிழில் இல்லாதது. ‘நான் வருகிறேன்’ என்று ஆணும் சொல்லலாம், பெண்ணும் சொல்லலாம். இந்தியில் ஆண் ‘ஆத்தா ஹூன்’ என்பான், பெண் ‘ஆத்தீ ஹூன்’ என்பாள். முகமூடி போட்ட ஒருவர் போனில் மிரட்டுகிறார், அவர் ஆணா பெண்ணா என்பதே படத்தின் மர்மம் என்று வையுங்கள். இந்தியில் முதல் வாக்கியத்திலேயே குட்டு உடைந்துவிடும். அதனால் ‘மைனே தேகா’ (நான் பார்த்தேன்) மாதிரி, பேசுபவரின் பாலைக் காட்டாத இறந்தகால வாக்கியங்களாகத் தேடித்தேடி எழுத வேண்டும். உதடு மூடுகிற இடத்தில் ப, ம வர வேண்டும், நடிகர் வாயை மூடுவதற்குள் வசனம் முடிய வேண்டும். இத்தனைக்கும் நடுவில்தான் அர்த்தமும் வர வேண்டும்.

சரி, பஞ்சாபிக் கரடிக்குத் திரும்ப வருகிறேன். அந்த வழி எல்லா இடத்திலும் நல்லதில்லை என்பதையும் நான் சொல்லியாக வேண்டும். ஒரு படத்தில் கோமாளிப் பாத்திரம் வந்தால் அவனுக்குப் பீகார் பேச்சு, அடியாள் வந்தால் ஹரியானா பேச்சு என்று ஒட்டவைப்பது இந்தி டப்பிங்கில் சுலபமான குறுக்குவழி. டிவியில் எத்தனையோ படங்களில் கேட்டிருக்கிறேன். மூலப் படத்தில் அந்த மனிதன் யாரையும் கேலி செய்திருக்க மாட்டான். இந்திக்கு வந்ததும் ஒரு மாநிலமே கேலிக்குள்ளாகிறது. எனக்கு இது ஏன் சுடுகிறது என்றால், 1968இல் ‘படோசன்’ படத்தில் மெஹ்மூத் போட்ட ‘மதராசி’ வேஷத்தின் வால் என் ஆபீஸ் வரைக்கும் நீண்டிருந்தது. நான் மீட்டிங்கில் பேச எழுந்தால் “ஐயோ ஐயோ” என்று ஒருவர் ஆரம்பிப்பார், மற்றவர்கள் சிரிப்பார்கள். நான் சொல்ல வந்த கணக்கு யார் காதிலும் ஏறாது. ஏழு வருடம். பாலுவுக்குப் பஞ்சாபி பொருந்தியதற்குக் காரணம், அந்தப் பேச்சில் பாசம் இருந்தது, யாரையும் குட்டையாக்கும் எண்ணம் இல்லை. எழுதுகிறவருக்கு இந்த வித்தியாசம் தெரிந்திருக்க வேண்டும்.

இப்போது கொரியத் தொடர்களின் காலம். இந்தியிலும் தமிழிலும் வீட்டுக்குள்ளேயே வந்துவிட்டன. எனக்கு உண்மையான வருத்தம் இங்கேதான்.

கொரிய மொழியும் இந்தியும் பல விதங்களில் நெருக்கம். இரண்டிலும் வினை கடைசியில் வரும். இரண்டிலும் யாரிடம் பேசுகிறோம் என்பதற்கேற்ப வினையின் வால் மாறும். மூத்தவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட மாட்டார்கள். ‘ஸ்க்விட் கேம்’ என்ற கொரியத் தொடரைப் பார்த்தவர்களுக்கு அலியை ஞாபகம் இருக்கும். பாகிஸ்தானிலிருந்து கொரியாவுக்குப் பிழைக்க வந்தவன். நடித்தது டெல்லிக்காரர் அனுபம் திரிபாதி. அவன் தன்னோடு போட்டியில் இருக்கும் சாங்-வூ என்பவனை முதலில் ‘சாஜங்னிம்’ என்பான், முதலாளி என்று அர்த்தம். அப்படிக் கூப்பிடாதே, ‘ஹியங்’ என்று சொல் என்பான் சாங்-வூ. ஹியங் என்றால் ஓர் ஆண் தன் அண்ணனைக் கூப்பிடும் சொல். முதலாளியிலிருந்து அண்ணன். கோலி விளையாட்டில் அந்த அண்ணன்தான் பையில் கல்லைப் போட்டு ஏமாற்றுகிறான். அந்த ஒரு விளி இல்லாவிட்டால் துரோகத்தின் பாதி வலி போய்விடும். ஆங்கிலத்தில் அண்ணனைக் கூப்பிட அப்படி ஒரு சொல் கிடையாது. இந்தியில் ‘பாய்’ இருக்கிறது, ‘பாயிஜான்’ இருக்கிறது. அலியைப் போன்ற ஒருவன் தன் ஊரில் வாய் நிறையச் சொல்லி வளர்ந்த சொற்களே அவை.

ஆனால் கொரிய வசனம் பெரும்பாலும் நேராக இந்திக்கு வருவதில்லை, ஆங்கில வழியாக வருகிறது. மரியாதையின் படிகள் எல்லாம் ஆங்கிலத்தில் ‘யூ’ என்று தட்டையாகிவிடும். அந்தத் தட்டையான தாளைக் கையில் வைத்துக்கொண்டு இந்தி எழுத்தாளர் மறுபடியும் ஆப், தும், தூ என்று ஊகிக்க வேண்டும். பக்கத்து வீட்டுக்குப் பால் வாங்கப் போகிறவன் கடல் தாண்டிப் போய்த் தண்ணீர் கலந்து கொண்டுவருகிற கதைதான். கொரியனும் இந்தியும் தெரிந்தவர்களைத் தேடி உட்காரவைத்தால் இந்தப் பிரச்சினையில் பாதி தீரும். அந்தப் படிப்பு படித்த பிள்ளைகள் டெல்லிப் பல்கலைக்கழகங்களிலிருந்து வந்துகொண்டுதான் இருக்கிறார்கள்.

எல்லாம் நேராகப் போய்விடும் என்றும் சொல்லவில்லை. ‘ஓப்பா’ ஒன்று போதும் திண்டாட. பெண் தன் அண்ணனையும் அப்படித்தான் கூப்பிடுவாள், காதலனையும் அப்படித்தான். இந்தியில் காதலனை ‘பையா’ என்றால் கதையே கெட்டது. தமிழில் ‘மாமா’, ‘அத்தான்’ இருப்பதால் நமக்காவது ஓர் ஓட்டை வழி உண்டு. இந்திக்காரர்கள் ‘ஓப்பா’வை அப்படியே விட்டுவிடலாம் என்பது என் கருத்து. பார்க்கிற பிள்ளைகளுக்கு அந்தச் சொல் ஏற்கெனவே தெரியும்.

‘லயன் கிங்’ 2019இல் வந்தபோது முஃபாசாவுக்கு ஷாருக் கான், சிம்பாவுக்கு அவர் மகன் ஆர்யன். அப்பனும் மகனுமே அப்பனுக்கும் மகனுக்கும் பேசியது அழகான யோசனை. விளம்பரம் முழுக்க அந்த இரண்டு பெயர்கள்தான். அவர்கள் பேசிய வரிகளை எழுதியவரின் பெயரும் போஸ்டரில் அதே அளவில் வர வேண்டும், அவருக்கு அந்த வேலைக்கான அவகாசமும் கூலியும் கிடைக்க வேண்டும் என்று கேட்கிறேன். குரல் யாருடையதாக இருந்தாலும் ‘ஆப்’பா ‘தும்’மா என்று முடிவு செய்தவர் அவர்.

போன மாதம் என் மகள் ஒரு கொரியக் காதல் தொடரை இந்தியில் பார்த்துக்கொண்டிருந்தாள். நாக்பூரில் வளர்ந்தவள், அவளுக்கு இந்தி என்னைவிட நன்றாக வரும். பத்தாவது எபிசோடில் நிறுத்திவிட்டு, “அப்பா, இவங்க ரெண்டு பேரும் இன்னும் ஏன் ‘ஆப்’னே பேசிக்கிறாங்க?” என்றாள். கொரிய ஆடியோவை வைத்துக் கேட்டுப் பார் என்றேன். ஒரே காட்சியை நாலு தடவை ஓட்டினாள். அவளுக்குக் கொரியன் தெரியாது. ஆனால் முந்தைய எபிசோடுகளில் ஒவ்வொரு வாக்கியமும் ‘யோ’ என்று முடிந்ததையும், இந்தக் காட்சியில் அந்த ‘யோ’ இல்லாததையும் கண்டுபிடித்துவிட்டாள். “நம்ம ‘வாங்க’ல இருக்கிற ‘ங்க’ மாதிரியா?” என்றாள். ஆமாம், ஏறக்குறைய அதேதான். காதலை அவன் வாய்விட்டுச் சொல்வது இன்னும் ரெண்டு எபிசோடு தள்ளி வருகிறது. ஆனால் அந்த மழையில், பஸ் ஸ்டாப்பில், ‘யோ’வை விட்டபோதே அவன் சொல்லிவிட்டான். இந்தியில் அவன் அப்போதும் ‘ஆப்’ என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தான்.