மெஸ்தாயாவைக் குப்பை என்ற மகராசனுக்கு

இந்த வாரம் முழுக்க எல்லா குரூப்பிலும் அந்த மீம்தான். யார் போட்டது என்று நான் சொல்ல வேண்டியதில்லை, உங்களுக்கே தெரியும். இடது பக்கம் பளபளவென்று தகடு போர்த்திய ரியல் மாட்ரிட்டின் பெர்னபேயூ மைதானம், வலது பக்கம் பெயிண்ட் உரிந்த சுவரோடு ஸ்பெயினின் வலென்சியா கால்பந்து கிளப்பின் மைதானமான மெஸ்தாயா, அதுவும் தேடிப் பிடித்து எடுத்த கோணத்தில். கீழே "ஒண்ணு ஸ்பேஸ்ஷிப், ஒண்ணு மூடின சினிமா தியேட்டர். எப்படியும் இடிக்கத்தானே போறாங்க, குப்பை." நாகரிகமாக நாலு வரி பதில் எழுதினேன். அதற்கும் சிரிப்பு ஸ்மைலி. சரி, நம் சுவரில் நாமே எழுதிக்கொள்வோம்.

பழசு என்றால் குப்பை இல்லை. நான் சொல்ல வந்தது இவ்வளவுதான். இதையே திரும்பத் திரும்பச் சொல்லப்போகிறேன், பிடிக்காதவர்கள் ஸ்க்ரோல் செய்துகொண்டு போகலாம்.

அந்த ஸ்பேஸ்ஷிப்பும் 1947-ல் திறந்த மைதானம்தான் ஐயா. கையில் காசு இருந்தது, மேலே தகடு போர்த்தினார்கள், புல்தரையைத் தட்டுத் தட்டாகப் பிரித்து நிலத்தடியில் இறக்கி வைக்கிற அளவுக்கு வேலை செய்தார்கள். நல்ல எஞ்சினியரிங், மறுக்கவில்லை. கச்சேரி நடத்திச் சம்பாதிக்கலாம் என்று பார்த்தார்கள், சத்தம் தாங்காமல் அக்கம்பக்கத்தார் புகார் கொடுக்க, 2024-ல் கச்சேரிகளையே நிறுத்திவைக்க வேண்டியதாகிவிட்டது. அதற்கு எவனும் மீம் போடவில்லை. பணக்காரன் வீட்டுக் கூரை ஒழுகினால் யாருக்கும் கண் தெரியாது.

மெஸ்தாயா திறந்தது 1923 மே 20. அதே ஊர்க்காரர்களான லெவாந்தேயோடு முதல் ஆட்டம். அப்போது 17,000 பேர் கொள்ளும், இன்றைக்குக் கிட்டத்தட்ட 49,000. ஸ்பெயினின் முதல் டிவிஷன் மைதானங்களில் இதுதான் மூத்தது. கிஹோனில் இருக்கிற எல் மோலினோன் இதைவிடப் பழையது, ஆனால் அங்கே ஆடும் அணி ரொம்ப காலமாக இரண்டாம் டிவிஷனில். மூத்ததாக இருந்த பில்பாவோவின் பழைய சான் மமேஸை 2013-ல் இடித்துவிட்டு, பக்கத்திலேயே அதே பெயரில் புதிது கட்டினார்கள். இப்போது நம் முறை போலிருக்கிறது.

மைதானத்துக்குப் பெயர் கொடுத்தது பக்கத்தில் ஓடிய வாய்க்கால். துரியா ஆற்றிலிருந்து வயலுக்குப் பிரியும் எட்டு வாய்க்கால்களில் ஒன்று அது. இந்த வாய்க்கால்களுக்கு என்று ஒரு தண்ணீர்ப் பஞ்சாயத்து உண்டு. இன்றைக்கும் வியாழக்கிழமைதோறும் உச்சிப் பொழுதில், தலைமைத் தேவாலய வாசலில், விவசாயிகளே கறுப்பு அங்கி போட்டு உட்கார்ந்து வழக்கு கேட்கிறார்கள். எல்லாம் வாய்ப்பேச்சில்தான், தீர்ப்பும் அங்கேயே. 2009-ல் யுனெஸ்கோ அதைப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. நான் எங்கேயோ போகிறேன் என்று நினைக்காதீர்கள். அந்த ஊர்க்காரர்கள் பழையதை எப்படி வைத்துக்கொண்டிருக்கிறார்கள் என்று சொல்ல வந்தேன்.

அப்புறம் ஸ்பெயின் உள்நாட்டுப் போர் வந்தது. மைதானத்தைச் சிறைமுகாமாகவும் பழைய இரும்பு கொட்டும் இடமாகவும் ஆக்கினார்கள். போர் முடிந்து மறுபடி எடுத்துக் கட்டினார்கள். 1957 அக்டோபரில் துரியா கரை புரண்டு ஊரே மூழ்கியது, மைதானம் முழுக்கச் சேறு. அதையும் வாரிக் கொட்டிவிட்டு ஆடினார்கள். அந்த வெள்ளத்துக்குப் பிறகு ஆற்றையே ஊருக்குத் தெற்கே திருப்பிவிட்டார்கள், பழைய ஆற்றுப்படுகை இப்போது கிலோமீட்டர் கணக்கில் நீளும் பூங்கா. 2024 அக்டோபர் கடைசியில் மறுபடி வெள்ளம். அந்த மாகாணத்தில் மட்டும் 200 பேருக்கு மேல் செத்துப்போனார்கள். அப்போது உணவு, உடை, தண்ணீர் பாட்டில் சேர்க்கிற இடமாக எது இருந்தது தெரியுமா? நீங்கள் மூடின தியேட்டர் என்கிறீர்களே, அது.

இன்னொன்று. மீம் போட்ட மகராசன் மாட்ரிட் ரசிகர். 2014-ல் ஸ்பெயினின் நாக்-அவுட் கோப்பையான கோபா டெல் ரே இறுதி ஆட்டத்தில் உங்கள் பேல் கோட்டுக்கு வெளியே ஓடி, பார்சிலோனாவின் பார்த்ராவைச் சுற்றிக்கொண்டு போய் கோல் அடித்தாரே, வருஷம் தவறாமல் ஸ்டேட்டஸில் வைக்கிறீர்களே, அது எந்தப் புல்லில்? 2011 இறுதியில் எக்ஸ்ட்ரா டைமில் ரொனால்டோ எகிறி முட்டிய பந்து எந்த வலையில்? இரண்டும் மெஸ்தாயா. (அந்த 2011 கோப்பையைத்தான் உங்கள் ராமோஸ் வெற்றி ஊர்வலத்தில் பஸ்ஸுக்கு அடியில் போட்டு நசுக்கினார், அது வேறு கதை.) உங்கள் சந்தோஷம் நடந்த இடத்தைப் பார்த்து நீங்களே சிரிக்கிறீர்கள்.

1982 உலகக் கோப்பையில் ஸ்பெயினின் முதல் சுற்று ஆட்டங்கள் இங்கேதான் நடந்தன. ஹோண்டுராஸோடு டிரா, யூகோஸ்லாவியாவை ஜெயித்தார்கள், வட அயர்லாந்திடம் 1-0 தோல்வி. சொந்த ஊரில் நடந்த உலகக் கோப்பையில் ஸ்பெயின் அவமானப்பட்ட இடமும் இதுவே. நல்லதை மட்டும் சொல்கிறேன் என்று நாளைக்கு யாரும் வந்து நிற்கக் கூடாது.

வேலை விஷயமாக அந்தப் பக்கம் போயிருந்தபோது ஒரு ஆட்டம் பார்த்தேன். மலிவு டிக்கெட், உச்சி வரிசை. மெஸ்தாயாவின் மேல்தட்டு எவ்வளவு செங்குத்து என்பதைப் போட்டோவில் பார்த்துப் புரிந்துகொள்ள முடியாது. ஏணியில் ஏறுகிற மாதிரி ஏற வேண்டும். உட்கார்ந்தால் நம் முழங்கால் முன்னால் இருப்பவர் பிடரியில் முட்டும். ஆனால் அந்த உயரத்திலிருந்தும் மைதானம் நேர் கீழே தெரிகிறது, விங்கர் மூச்சு வாங்குவதுகூடத் தெரிகிற மாதிரி. புது மைதானங்களில் புல்லுக்கும் நமக்கும் நடுவில் ஒரு வயலே இருக்கும். பக்கத்தில் ஒரு பெரியவர் சூரியகாந்தி விதையை முன்பல்லில் வைத்து ஒரு கடி, தோல் தனியாக வந்து விழும், விதை உள்ளே போகும், கண் ஆட்டத்தை விட்டு நகராது. அவர் காலடியில் தோல் குவியல். எனக்கும் ஒரு கை கொடுத்தார். நான் தோலோடு மென்றதைப் பார்த்து அவர் பட்ட வேதனை, அன்றைக்கு எதிரணி கோல் போட்டதற்குக்கூடப் படவில்லை. இடைவேளையில் அந்த வரிசை மொத்தமும் வீட்டிலிருந்து அலுமினியத் தாளில் சுற்றிக் கொண்டுவந்த சாண்ட்விச்சைப் பிரித்தது. ஸ்பேஸ்ஷிப்பில் இதையெல்லாம் விஐபி பாக்ஸ் என்று காசு வாங்கிக்கொண்டு தருவார்கள்.

அங்கே ஒரு இருக்கையில் வெண்கலச் சிலை ஒன்று உட்கார்ந்திருக்கிறது. 15-வது வரிசை, 164-ம் எண். 54 வயதில் பார்வை போன ஒரு ரசிகர் அதற்குப் பிறகும் மகனோடு ஆட்டத்துக்கு வந்துகொண்டே இருந்தார். மகன் சொல்லச் சொல்லக் கேட்பார். அவர் இறந்த பிறகு, கிளப்பின் நூற்றாண்டான 2019-ல் அதே இருக்கையில் சிலை வைத்தார்கள். கண் தெரியாத மனிதருக்குப் புரிந்தது, 4கே திரை வைத்திருப்பவர்களுக்குப் புரியவில்லை. கொஞ்சம் காட்டமாகத்தான் சொல்கிறேன், இருக்கட்டும்.

இப்போது வருவார்கள். "சென்டிமென்ட் வேண்டாம் ப்ரோ, கழிப்பறை எப்படி, சக்கர நாற்காலியில் வருபவர் எப்படி ஏறுவார்?" ஆமாம், அது குறைதான். அதைச் சரிசெய்யச் சொல்லலாம். மேலே போவோம்.

"மாட்ரிட் வீரர் வினிசியஸை அங்கேதானே இனவெறியோடு கேவலமாகப் பேசினார்கள்?" ஆமாம், 2023 மே 21. அசிங்கம். அன்றைக்கே இங்கே எழுதினேன், பழைய பதிவுகளைத் தேடிப் பாருங்கள். ஸ்டாண்டின் ஒரு பகுதியைச் சில ஆட்டங்களுக்கு மூடினார்கள், மூன்று பேருக்கு 2024 ஜூனில் எட்டு மாதச் சிறைத் தண்டனை அறிவித்தார்கள், ஸ்பெயினில் மைதான இனவெறிக்கு அதுதான் முதல் தண்டனை. அந்தக் கேவலத்தைச் செய்தது மனிதர்கள், கான்கிரீட் இல்லை. மைதானத்தை இடித்தால் இனவெறி போய்விடும் என்றால் நானே கடப்பாரை எடுத்துக்கொண்டு வருகிறேன். அதே ஆட்கள் புது மைதானத்துக்கும் சீசன் டிக்கெட் வாங்குவார்கள்.

"புதுசு வந்தால் கிளப்புக்கு நல்லதுதானே?" வாருங்கள், இதற்குத்தான் காத்திருந்தேன். நோ மெஸ்தாயா, அதாவது புது மெஸ்தாயா வேலை 2007-ல் ஆரம்பித்தது. 2009-ல் பணம் இல்லாமல் நின்றது. ஊருக்குள்ளேயே கான்கிரீட் எலும்புக்கூடாக ஒன்றரைப் பத்தாண்டு வெயில் காய்ந்தது. நடுவில் 2014-ல் சிங்கப்பூர் பணக்காரர் பீட்டர் லிம் கிளப்பை வாங்கினார். அவரை வெளியே போகச் சொல்லி ரசிகர்கள் மஞ்சள் அட்டை தூக்கி ஆண்டுகள் ஓடிவிட்டன. 2025 ஜனவரியில்தான் வேலை மறுபடி தொடங்கியது, 70,000 பேருக்கான மைதானம், 2027-ல் குடிபோவதாகத் திட்டம். பழைய இடத்தில் அடுக்குமாடி வரும். கட்டத் தெரியாமல் பதினைந்து வருஷம் நின்றது புதுசு. போர், வெள்ளம், கடன் எல்லாவற்றையும் தாண்டி ஆட்டம் நடத்தியது பழசு. குப்பை எது என்று நீங்களே சொல்லுங்கள்.

கடைசியாக ஒருவர் எழுதியிருந்தார், "ஸ்பெயின்காரனே கவலைப்படல, உனக்கு ஏன் எரியுது?" ஸ்பெயின்காரன் கவலைப்படவில்லை என்று உங்களுக்கு யார் சொன்னது? எனக்கு ஏன் எரிகிறது என்றால், ஸ்கூல் படிக்கும்போது ஐமார், பராஹா, கன்யிஸாரெஸ் ஆடிய அணி அது, 2002-லும் 2004-லும் மாட்ரிட், பார்சிலோனா இரண்டு பேரையும் தாண்டி லீக் ஜெயித்த அணி. கிளாஸில் என் ஒருவனைத் தவிர எல்லோரும் அந்த இரண்டில் ஒன்றுதான். அன்றிலிருந்து கேட்கிற கேலி இது. தோற்கிற அணியை யாராவது ஆதரித்தால் நம் ஆட்களுக்கு அவன் லூசு. ஜெயிக்கிற பக்கம் தாவுவதற்குப் பெயர் ரசனை. அணி கீழே போனபோது சிரித்தீர்கள், இரண்டாம் டிவிஷனுக்குத் தள்ளப்படும் ரெலிகேஷன் பயத்தில் நாங்கள் உட்கார்ந்திருந்தபோது சிரித்தீர்கள், வெள்ளம் வந்தபோது மட்டும் ஒரு நாள் ப்ரொஃபைல் படம் மாற்றினீர்கள். இப்போது கட்டடத்தைப் பார்த்தும் சிரிப்பு.

அன்ஃப்ரெண்ட் செய்வதென்றால் செய்துகொள்ளுங்கள். குரூப் அட்மினுக்கு ஒன்று மட்டும்: அந்த மீமை எடுக்கும்வரை மேட்ச் பிரிவ்யூ எழுத என்னை டேக் செய்ய வேண்டாம். பெர்னபேயூ தகடு பற்றி எழுத அங்கே நிறையப் பேர் இருக்கிறார்கள்.