அரிசிப் பானைக்குள் கிடந்த போன்

சனிக்கிழமை நான் 'காணாமல் போன' கதை இங்கே பாதிப் பேருக்குத் தெரியும். குடும்ப வாட்ஸ்அப் குழுவில் என் கல்யாணப் படத்தைப் போட்டு, 'கண்டுபிடித்துத் தருபவருக்கு ஒரு குலை மட்டிப்பழம்' என்று எழுதிய மகராசனையும் தெரியும். சிரித்து முடித்துவிட்டீர்கள் என்றால் நான் கொஞ்சம் பேசட்டுமா?

போன் ஒரு போதை, அதை விடவே முடியாது என்கிறார்களே, ஒரே ஒரு நாள் ஸ்மார்ட்போன் இல்லாமல் இருந்து பார்க்கலாம் என்று அதை அணைத்து அரிசிப் பானைக்குள் வைத்தேன். எனக்கு ஒரு குறையும் இல்லை. வடசேரிக்குப் போய்வர பஸ்ஸில் காசுக்கு டிக்கெட் கிடைத்தது. வீடு திரும்பியதும் கேஸ் சிலிண்டர் வந்தது. வினையும் வந்தது. போனுக்கு வந்த எண்ணைச் சொன்னால்தான் இறக்குவாராம். கொண்டுவந்த தம்பிக்கு என்னை ஐந்து வருடமாகத் தெரியும். காசு கையில், காலி சிலிண்டர் வாசலில். "எண் இல்லாமல் தர முடியாது அண்ணே" என்று வண்டியைத் திருப்பிவிட்டார். அவரை நான் குறை சொல்லவில்லை, அவர் பிழைப்பு அது.

பானையைத் திறந்திருக்கலாமே என்பீர்கள். திறந்திருக்கலாம். வீம்பு. பட்டன் போனுக்கும் அந்த எண் வருமே என்கிறார் ஓர் அறிவாளி. வரும் ஐயா, ஆனால் சிம்மும் அரிசிக்குள் அல்லவா கிடந்தது? சிலிண்டர் வேறு கைக்குப் போகாமல் இருக்கத்தான் இந்த ஏற்பாடு என்றால், அது நியாயம், ஒப்புக்கொள்கிறேன். ஆனாலும் சொல்கிறேன்: போனை விட முடியாதவன் நான் இல்லை. என் அடுப்புதான் விடமாட்டேன் என்கிறது. அம்மாவின் ரத்தப் பரிசோதனை முடிவு விடமாட்டேன் என்கிறது, அதுவும் வாட்ஸ்அப்பில்தான் வருமாம். இதற்குப் பெயர் என்னைப் பிடித்த போதையா?

"அவசரத்துக்கு என்ன செய்வாய்?" என்பீர்கள். 2017 நவம்பர் 30-ஐ மறந்துவிட்டீர்களா? ஒக்கிப் புயல் அடித்து, கரண்டு போய், டவர் செத்து, எங்கள் கன்னியாகுமரி மாவட்டமே போன் இல்லாமல்தான் கிடந்தது. அன்று விழுந்த ரப்பர் மரங்களைத் தாண்டி மனிதர்கள் மனிதர்களைத் தேடி நடந்தார்கள். கடலுக்குப் போன தூத்தூர், வள்ளவிளை மீனவர்களுக்கு எந்தச் செல்போனும் எட்டவில்லை. அதற்கு மேல் அதைப் பேச எனக்கு மனமில்லை.

அப்பா துபாயில் இருந்த காலத்தில் எங்கள் வீட்டில் போன் கிடையாது. பக்கத்து வீட்டுக்கு அழைத்து, பத்து நிமிடம் கழித்துத் திரும்ப அழைப்பதாகச் சொல்லி வைத்துவிடுவார். அந்த வீட்டு அக்கா மீன் செதில் ஒட்டிய கையோடு வேலியைத் தாண்டி ஓடி வருவார். "கல்ஃப் போன், சீக்கிரம் வாருங்கள்!" ஒரு போன் மணி அடித்தால் ஓர் ஆள் ஓடி வந்த காலம் அது.

ராத்திரி பானையிலிருந்து எடுத்து உயிர் கொடுத்தேன். 23 தவறிய அழைப்புகள். செத்துவிட்டேனோ என்று பயந்தார்களாம். அப்புறம் அந்த மட்டிப்பழ அறிவிப்பு, அதற்கு 41 சிரிப்புகள். முதலில் சிரித்தது என் அண்ணன். அண்ணன் வீடு இரண்டு தெரு தள்ளித்தான். மதியத்துக்கு மேல் நான் திண்ணையை விட்டு இறங்கவே இல்லை. வாசல் கேட்டும் திறந்தேதான் கிடந்தது.