எஸ்.என்.லட்சுமி அம்மாளைப் பற்றி, கொங்கு நாட்டிலிருந்து

கோபிசெட்டிபாளையத்து வீட்டில் ஒரு பிற்பகல், தொலைக்காட்சியில் 'மகாநதி' ஓடிக்கொண்டிருந்தபோது, முறத்தில் புளியைப் பரப்பிக் கொட்டை எடுத்துக்கொண்டிருந்த என் அம்முச்சி (அம்மாவின் அம்மா) கைவேலையை நிறுத்திவிட்டு, "இந்தம்மாள எத்தன படத்துல பாத்திருக்கறன் கண்ணு, பேருதான் தெரியல" என்றார். கமல்ஹாசனின் மாமியாராக வந்த அந்த நடிகையின் பெயர் எனக்கும் அப்போது தெரிந்திருக்கவில்லை.

அவர் எஸ்.என்.லட்சுமி. விருதுநகர்ப் பக்கத்துக்காரர், நாடக மேடையில் உருவானவர். 1948-இல் வெளிவந்த 'சந்திரலேகா'வின் புகழ்பெற்ற முரசு நடனத்தில் ஆடிய நூற்றுக்கணக்கானோருள் அவரும் ஒருவர். 1964-இல் 'சர்வர் சுந்தரம்' வந்தபோது நாற்பது வயதைக்கூட எட்டாத அவர், தம்மைவிடச் சில ஆண்டுகளே இளையவரான நாகேஷுக்குத் தாயாக நடித்தார். மகன் படப்பிடிப்பில் சிக்கியிருக்க, அவன் முகத்தைப் பார்க்காமலே உயிர்விடும் அந்தத் தாயை நினைக்கும்போதெல்லாம், நல்ல நடிகைகளை இளமையிலேயே நரைத்த தலைக்குள் அடைத்துவிட்ட நம் திரையுலகின் மீது எனக்கு வருத்தம் பொங்குகிறது.

அவருடைய தனித்திறம் பேச்சில் இருந்தது என்பது என் உறுதியான எண்ணம். இதை ஒரு கொங்கு நாட்டுக்காரன் என்ற முறையில் அழுத்திச் சொல்கிறேன். எங்கள் ஊர்ப் பேச்சைத் திரையில் காட்ட நினைக்கும் பலரும் வாக்கியத்துக்கு வாக்கியம் ஓர் 'ஏனுங்க'வைச் சேர்த்துவிட்டால் வேலை முடிந்தது என்று எண்ணிவிடுகிறார்கள். ஆனால் எங்கே நீட்டுவது, எங்கே விழுங்குவது, யாரிடம் 'ங்க' போடுவது, யாரிடம் விடுவது என்பதில்தான் வட்டாரப் பேச்சின் உயிர் இருக்கிறது என்பதால், இரண்டாவது வசனத்திலேயே எங்கள் காது உறுத்தத் தொடங்கிவிடும். 1990-இல் வந்த 'மைக்கேல் மதன காமராஜ'னில் ஊர்வசியின் பாட்டியாக, கைநீளமான அந்தப் பிராமணக் கிழவியாக அவர் பேசியதையும், 2004-இல் வந்த 'விருமாண்டி'யில் தென்மாவட்டத்து அப்பத்தாவாகப் பேசியதையும் அடுத்தடுத்துக் கேட்டுப் பாருங்கள். இரண்டிலும் மாறுவது சொற்கள் மட்டுமல்ல. மூச்சு விடும் இடமும், முந்தானையைப் பற்றும் கையும் சேர்ந்தே மாறுகின்றன. முதல் பாட்டியிடம் எதையாவது ஒளித்துவைத்திருப்பவரின் பரபரப்பு உண்டு. அந்த அப்பத்தாவிடமோ பேரனைத் தன் உடைமையாகவே எண்ணும் உரிமை உண்டு. எழுதித் தந்ததை ஒப்பித்துவிட்டுப் போகிறவரால் இதைச் செய்ய முடியாது.

ஆனாலும் அவரைக் குறிப்பிடும்போது 'அந்தப் பாட்டி' என்றுதான் நாம் சொல்லிப் பழகியிருக்கிறோம். ஊரையே பெயரின் முன்னால் சூடிக்கொண்ட எங்கள் கோவை சரளாவைக் குழந்தையும் பெயர் சொல்லி அடையாளம் காட்டும். அந்த நற்பேறு, இத்தனை தலைமுறைகளோடு நடித்த லட்சுமி அம்மாளுக்கு வாய்க்கவில்லை. பழைய படங்களின் காட்சிகளை வெட்டி இணையத்தில் பதிவேற்றுகிறவர்கள் நாயகன் பெயரோடு இவரைப் போன்றவர்களின் பெயரையும் ஒரு வரியில் எழுதினால் என்ன குறைந்துவிடும்? நண்பர்களே, பகிரும் முன் நீங்களாவது எழுதுங்கள்.

2012 பிப்ரவரி 20 அன்று அவர் காலமானார். மறுநாள் செய்தித்தாளை அம்முச்சிக்கு வாசித்துக் காட்டினேன். கண்ணாடியைத் தேடி மாட்டிக்கொண்டு, படத்தை வெளிச்சத்துக்குத் திருப்பி நெடுநேரம் பார்த்தவர், "லட்சுமியா இவிய பேரு?" என்று கேட்டார்.