வோல்டர் லீயும் பெரட்டுத் தப்பும்

1934இல் வந்த ‘சோங் ஒஃப் சிலோன்’ ஆவணப்படத்தைப் பார்த்தவர்கள் இயக்குநர் பசில் றைற்றைப் பற்றிக் கதைப்பார்கள். ஆங்கிலேயக் கடலோடி றொபேட் நொக்ஸ் இலங்கையைப் பற்றி எழுதி 1681இல் வெளிவந்த நூலின் வரிகளை அதில் வாசித்த லயனல் வென்டைப் பற்றியும் கதைப்பார்கள். இசையமைத்த வோல்டர் லீயை ஒருத்தரும் தேடுவதில்லை. இது எனக்குக் கனகாலமாக ஒரு மனக்குறை.

நொக்ஸ் வன்னியில் இருக்கிற எங்களுக்குத் தூரத்து ஆள் இல்லை. கண்டி இராச்சியத்தில் 19 வருடம் பிடிபட்டுக் கிடந்தவர், 1679இல் தப்பி அருவியாற்றங்கரையோடு காட்டுக்குள்ளால் நடந்துதான் அரிப்புக் கோட்டைக்குப் போய்ச் சேர்ந்தார்.

அந்தப் பழைய வரிகளுக்குக் கீழே ஓடுவது லீயின் இசை. படம் பிடித்தபோது இங்கே சத்தம் பதியவில்லை. மணியோசை, மேளம் எல்லாம் பிறகு லண்டன் ஒலிப்பதிவுக்கூடத்தில் சேர்த்தவை. ஒரு இடத்தில் கொழுந்து பறிக்கும் கைகள் தெரியும், காதில் விழுவதோ சந்தை நிலவரம் சொல்லும் ஆங்கிலக் குரல்களும் தந்திச் சத்தமும். தேயிலை வியாபாரத்துக்காக எடுத்த படத்திலேயே இதைச் செய்திருக்கிறார்கள். பெர்லினில் ஜெர்மன் இசையமைப்பாளர் ஹிண்டமித்திடம் படித்த லீ, 1942இல் லிபியாவில் தோப்ருக் பக்கம் போரில் செத்துப்போனார். வயது 36.

சரி, இவ்வளவு புகழ்கிற நான் போன கிழமை ஒரு அடி வாங்கினேன். தருமபுரத்தில் எங்கள் பக்கத்து வீட்டு அம்மாயி 1977 இனக்கலவரத்தோடு மலையகத்திலிருந்து வந்தவர். போனில் அந்தப் பகுதியைப் போட்டுக் காட்டினேன். கண்ணாடியை ஏற்றிவிட்டுப் பார்த்தார். “கொழுந்து எடுக்கையில இம்புட்டு அமைதியாவா இருப்போம்? கங்காணி கத்துவாரு, நாங்க ஊர்க்கதை பேசுவோம். விடியக்காலம் பெரட்டுத் தப்பு அடிப்பாங்களே, அது எங்க?” என்றார்.

விடியற்காலையில் தோட்டத்து ஆட்களை வேலைக்குக் கூப்பிட அடிக்கும் அந்தத் தப்புச் சத்தம் படத்தில் இல்லை. லீயின் காதுக்கு அது போய்ச் சேரவே இல்லை.

இதை ஏன் எழுதுகிறேன் என்றால், வன்னியின் வரலாற்றைப் படமெடுக்கும் எங்கள் பிள்ளைகளுக்கு அந்தச் சாட்டும் இல்லை. ட்ரோன் பறக்கிறது, இரணைமடுக் குளம் தெரிகிறது, அப்புறம் இணையத்தில் இலவசமாக எடுத்த ஒரு வயலின் அழுகிறது. எல்லாப் படத்திலும் அதே வயலின். வான்கதவு திறக்கும்போது எழும் இரைச்சல் எங்கே? இரவில் வயற்கரையில் கேட்கும் யானைவெடி எங்கே? முல்லைத்தீவில் கோவலன் கூத்துப் பழக்கும் அண்ணாவிமார் இருக்கிறார்கள். போய்க் கேட்டால் மறுக்கவா போகிறார்கள்? இசை செய்யத் தெரிந்த பிள்ளைகளும் ஊரில் இருக்கிறார்கள். அவர்களைக் கூப்பிடுங்கள். செய்தவரின் பெயரைப் படத்தில் வாசிக்கக்கூடிய அளவில் போடுங்கள்.

நேற்று அம்மாயியிடம் மறுபடி போனேன். பெரட்டுத் தப்பு எப்படி அடிப்பார்கள் என்று கேட்டேன். வாயால் சொல்லிப் பார்த்தார், சரிவரவில்லை. பிளாஸ்டிக் கதிரையைத் திருப்பிப் போட்டு இரண்டு கையாலும் அடித்தார். பதினொரு நிமிடம் பதிந்து வைத்திருக்கிறேன். படம் எடுக்கிற யாருக்காவது வேண்டுமென்றால் உள்பெட்டியில் கேளுங்கள். அம்மாயியிடம் சம்மதம் வாங்கித் தருகிறேன்.